2-ஐ இரண்டரைத் தடவை பெருக்க முடியுமா?

கேள்வி: 20 நிமிடங்களுக்கு ஒருமுறை இரட்டிப்பாகும் பாக்டீரியா 100 இருந்தால், 50 நிமிடங்களில் எத்தனை ஆகும்? இது என் மகளுக்கு வந்த கணக்கு. 40-ஆவது நிமிடத்தில் 400, 60-ஆவது நிமிடத்தில் 800, ஆகவே நடுவில் 600 என்று எழுதினாள். விடைக்குறிப்பில் 566 என்று இருக்கிறது. எது சரி?

பதில்: 566தான் சரி. ஆனாலும் உங்கள் மகள் கண்ணை மூடிக்கொண்டு 2⁵⁰ என்று எழுதவில்லையே, அதற்கே பாராட்டலாம். பலர் சறுக்குவது அங்கேதான். அடுக்கில் வர வேண்டியது நிமிடங்கள் அல்ல, எத்தனை முறை இரட்டித்தது என்ற எண்ணிக்கை. கழிந்த நேரத்தை இரட்டிப்பு நேரத்தால் வகுத்தால் அது கிடைத்துவிடும். இங்கே 50 ÷ 20 = 2.5. எனவே விடை 100 × 2²·⁵.

அந்த அரை அடுக்குதான் குழப்புகிறது. 40-ஆவது நிமிடத்திலிருந்து 60 வரையிலான 20 நிமிடங்களை இரண்டு பத்தாகப் பிரித்துப் பாருங்கள். இரட்டிப்பு நேரம் மாறாததால் இரண்டு பகுதியிலும் ஒரே மடங்கில்தான் பெருக வேண்டும். இருமுறை பெருக்கினால் 2 வர வேண்டுமென்றால், ஒருமுறைக்கான மடங்கு 2-இன் வர்க்கமூலம், அதாவது 1.414. 400-ஐ இதனால் பெருக்கினால் 566. 566-ஐ மறுபடி பெருக்கினால் 800. உங்கள் மகள் இரண்டு பத்திலும் 200, 200 என்று சமமாகக் கூட்டினாள். அப்படியானால் முதல் பத்தில் 1.5 மடங்கு, அடுத்த பத்தில் 1.33 மடங்கு. பாக்டீரியா பாதியில் சோர்ந்துபோனது போல ஆகிறது.

எல்லாச் செல்களும் மணி அடித்ததும் ஒன்றாகப் பிரிவதில்லை. அவை ஆளுக்கொரு நேரத்தில் பிரிவதால் கூட்டத்தின் எண்ணிக்கை வழவழப்பாக ஏறுகிறது. அதனால்தான் பின்ன அடுக்கு இங்கே பொருந்துகிறது. ஒரே ஒரு செல்லில் தொடங்கினால் 50 நிமிடங்களில் 5.66 என்று வரும். அந்த எண்ணுக்குச் சராசரி என்பதைத் தாண்டி அர்த்தம் இல்லை.

குறை அடுக்கு பின்னோக்கிப் பார்க்க உதவும். இப்போது 800 என்றால், 40 நிமிடங்களுக்கு முன்பு 800 × 2⁻², அதாவது 200.

இந்த முறைக்கு ஓர் எல்லை உண்டு. ஈ. கோலை பாக்டீரியா, உணவும் வெப்பமும் தோதாக அமைந்தால் சுமார் 20 நிமிடங்களில் இரட்டிக்கும். ஒன்றில் தொடங்கினால் 24 மணி நேரத்தில் 72 இரட்டிப்புகள். 2⁷² என்பது சுமார் 4.7 × 10²¹. ஒன்றின் எடை ஏறத்தாழ 10⁻¹² கிராம் என்று கொண்டால் மொத்தம் 4,700 டன். இதே கணக்கை 48 மணி நேரத்துக்கு நீட்டினால் பூமியின் எடையைப் போல மூவாயிரம் மடங்குக்கு மேல் போய்விடும்! உண்மையில் அதற்கு வெகு முன்பே உணவு தீர்ந்து, கழிவு சேர்ந்து, பெருக்கம் நின்றுவிடுகிறது. தொடக்கத்திலும் புதிய சூழலுக்குப் பழகும்வரை சிறிது நேரம் பெருக்கமே இருக்காது.

ஆகவே சோதனைத் தரவு கையில் இருந்தால், சம இடைவெளியில் எடுத்த எண்ணிக்கைகளை வாங்கி, ஒவ்வொன்றையும் அதற்கு முந்தையதால் வகுக்கச் சொல்லுங்கள். மடங்கு ஏறக்குறைய மாறாமல் இருக்கும் பகுதிக்கு மட்டும் அடுக்கைப் பயன்படுத்தலாம். அந்தப் பகுதியில் 90 நிமிடங்களில் 500 என்பது 4,000 ஆகியிருந்தால் 8 மடங்கு, அதாவது 2³. இரட்டிப்பு நேரம் 30 நிமிடம். மடங்கு இப்படி 2-இன் முழு அடுக்காக அமையாதபோது, அடுக்கு எவ்வளவு என்று கண்டுபிடிக்க மடக்கை (log) தேவைப்படும்.