லகூன் கரையில் அலிகேட்டர்: நாயை அங்கே நடத்தலாமா?

வேண்டாம். அமெரிக்காவின் தென் கரோலினா மாநிலத் தீவான ஹில்டன் ஹெட்டில் நீங்கள் எடுத்திருக்கும் வாடகை வீட்டின் பின்பக்க லகூனை (குளம்போன்ற நீர்நிலையை) விட்டுவிட்டு, நாயைக் குட்டைக் கயிற்றில் பிடித்துத் தெருப்பக்கம் கூட்டிப்போங்கள். முதலை இனமான அலிகேட்டருக்கு நாய் இரைதான்.

அலிகேட்டர் கரையில் வெயில் காய்வது இயல்பு. ஆளைக் கண்டதும் தண்ணீருக்குள் நழுவாமல் உங்களை நோக்கி வந்தால்தான் கவலை: பெரும்பாலும் யாரோ தீனி போட்டுப் பழக்கியிருப்பார்கள். தென் கரோலினாவில் அது சட்டப்படி குற்றம். மீன் கழிவைத் தண்ணீரில் வீசினாலும் இதே பழக்கம்தான் வரும், தயவுசெய்து செய்யாதீர்கள்.

குறைந்தது 60 அடி தள்ளி நில்லுங்கள். சீறினால் மிக நெருங்கிவிட்டீர்கள் என்று பொருள், உடனே பின்வாங்குங்கள். அந்தி சாய்ந்தால் விடியும்வரை கரைப்பக்கமே வேண்டாம்.

கரை காலியாக இருந்தாலும் நம்பாதீர்கள். கண்ணும் மூக்குநுனியும் மட்டும் தெரிய மிதக்கும், முழுக்க மூழ்கியும் கிடக்கும்.