மார்ஃபின் மாத்திரை வழக்கு: முதலில் எடையைப் பாருங்கள்

சார், மனைவியின் புற்றுநோய் வலிக்காகச் சீட்டில்லாமல் மார்ஃபின் மாத்திரை வாங்கிப் பிடிபட்டு, ஜாமீனில் இருக்கிறீர்கள். பத்து வருஷம் நிச்சயம் என்று யாரோ பயமுறுத்தியிருக்கிறார். யார் அந்தப் புண்ணியவான்?

போதைப்பொருள் சட்டத்தில் தண்டனையைத் தீர்மானிப்பது பெரும்பாலும் எடைதான். மார்ஃபின் 5 கிராமுக்குக் கீழே என்றால் சிறிய அளவு. அதிகபட்சம் ஓராண்டுச் சிறை, அல்லது 10,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். குறைந்தது பத்தாண்டு என்பது 250 கிராமைத் தாண்டினால்தான். நடுவில் இருந்தால் பத்தாண்டு வரை போகலாம். இதில் ஒரு சிக்கல்: 2020 உச்ச நீதிமன்றத் தீர்ப்புப்படி மார்ஃபினை மட்டுமல்ல, மாத்திரையின் மொத்த எடையையும் கணக்கில் சேர்ப்பார்கள். அதனால் மகஜரில், அதாவது போலீஸ் பறிமுதல் செய்தபோது எழுதிய பதிவில், உள்ள எடையை வக்கீல் முதலில் பார்க்கட்டும். பயாப்ஸி ரிப்போர்ட், டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாவற்றையும் அவரிடம் கொடுங்கள். வக்கீல் வைக்க வசதியில்லையா? சட்ட உதவிக்கு 15100 கூப்பிடுங்கள்.

அப்புறம், அண்ணியின் வலி வழக்கு முடியும்வரை காத்திருக்காது. தயவுசெய்து மறுபடி வெளியில் வாங்காதீர்கள். சிகிச்சை தரும் டாக்டரிடமோ அடையாறு கேன்சர் இன்ஸ்டிடியூட்டிலோ வலி நிவாரணச் சிகிச்சை கேளுங்கள். சீட்டோடு வாங்கினால் அதே மார்ஃபின் குற்றமே இல்லை.