அஸ்மஹானின் இரண்டு படங்கள்

அன்புள்ள ஐயா,

தற்செயலாக யூடியூபில் அஸ்மஹான் என்ற எகிப்திய நடிகையின் பாட்டைக் கேட்டேன். நடித்தது இரண்டே படமாம். காரோடு கால்வாயில் மூழ்கிச் செத்திருக்கிறார். உளவாளி என்கிறார்கள். போட்டிப் பாடகி உம் குல்தூம்தான் கொன்றார் என்றுகூட ஒரு காணொளியில் சொன்னார்கள். யார்தான் கொன்றது? இரண்டு படத்துக்கு ஏன் இவ்வளவு பேச்சு?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

நடித்ததுதான் எகிப்தில். அவர் சிரியாவின் த்ரூஸ் என்ற சிறுபான்மைச் சமயப் பிரிவைச் சேர்ந்தவர், இயற்பெயர் அமல் அல்-அத்ரஷ். அப்போது சிரியாவை ஆண்ட பிரெஞ்சுக்காரர்களை எதிர்த்து 1925இல் கிளம்பிய சுல்தான் அல்-அத்ரஷின் குடும்பம். அந்த வீட்டுப் பெண் கெய்ரோ மேடையில் பாடினால் சும்மா விடுவார்களா? பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு கெய்ரோ வந்து சேர்ந்த அம்மாவும் பாடக்கூடியவர். அஸ்மஹான் என்பது இசையமைப்பாளர் தாவூத் ஹோஸ்னி வைத்த பெயர்.

1944 ஜூலை 14. ராஸ் எல்-பர் கடற்கரைக்குப் போகும் வழியில் கார் கால்வாயில் பாய்ந்தது. அவரும் கூட வந்த தோழியும் மூழ்கினார்கள், ஓட்டுநர் தப்பிவிட்டார். அவர் தப்பியதுதான் அத்தனை வதந்திக்கும் வித்து. உலகப் போர் நடந்துகொண்டிருந்த 1941இல் பிரிட்டிஷாருக்காகச் சிரியா போய் த்ரூஸ் தலைவர்களிடம் பேசியது உண்மை. ஆகவே ஆங்கிலேயர் கொன்றார்கள், ஜெர்மானியர் கொன்றார்கள் என்று ஆளுக்கொரு கதை. ஒன்றுக்கும் ஆதாரமில்லை. உம் குல்தூம் கதையைக் கேட்டால் எனக்கு எரிச்சல்தான் வருகிறது. இரண்டு பெண்கள் நன்றாகப் பாடினால் ஒருத்தி மற்றவளைக் கொன்றே ஆகவேண்டுமா என்ன?

படங்களுக்கு வருவோம். 1941இல் வந்த ‘இன்திஸார் அல்-ஷபாப்’பில் நிஜ அண்ணன் ஃபரீத் அல்-அத்ரஷும் அவரும் அண்ணன் தங்கையாகவே வருகிறார்கள், பிழைப்புத் தேடிக் கெய்ரோ வரும் பாடகர்களாக. ஃபரீத் அதற்குப் பிறகு முப்பது படம்போல நடித்துத் தள்ளினார்.

இரண்டாவது, யூசுஃப் வஹ்பி இயக்கிய ‘ஃகராம் வ இன்திகாம்’. நீங்கள் கேட்டது அதில் வரும் வியன்னா பாட்டாகத்தான் இருக்கும். அஹ்மத் ராமி எழுதி ஃபரீத் மெட்டமைத்தது, வால்ட்ஸ் என்ற ஐரோப்பிய நடனத் தாளம். அன்றைய வியன்னா ஹிட்லர் கையில், குண்டு விழுந்துகொண்டிருந்தது. கெய்ரோவிலோ அதைச் சொர்க்கத் தோட்டம் என்று பாடுகிறார்கள்! காற்றில் மிதக்கும் ராகத்தைக் கேட்டுப் பறவை அழுதது, பாடியது என்றொரு வரி வரும். அங்கே அவர் குரல் ஆபெரா பாடகி மாதிரி மேலே ஏறும். ஏறிவிட்டு, இறங்கும்போது பழைய அரபுத் தொண்டைக்கே வந்துவிடும். இடையில் ஒட்டுப்போட்ட தடமே தெரியாது. பேச்சு தொடர்வதற்கு எனக்குத் தெரிந்த காரணம் இதுதான். நடிப்பு சுமார். வசனம் பேசும்போது சற்று விறைப்பாக நிற்பார், பாட ஆரம்பித்தால்தான் முகத்துக்கு உயிர் வரும்.

படப்பிடிப்பு முடியுமுன் அவர் போய்விட்டார். வஹ்பி முடிவை மாற்றி, கதாநாயகியும் கார் விபத்தில் சாவதாக எடுத்து அதே ஆண்டு வெளியிட்டார். பிழைப்புக்காகவா அஞ்சலிக்காகவா? இரண்டும்தான் என்று நினைக்கிறேன். நான் அந்தக் கடைசிக் காட்சியை ஒரு தடவைதான் பார்த்தேன்.

நீங்கள் முதல் படத்திலிருந்து தொடங்குங்கள். வியன்னா பாட்டை மறுபடி கேட்டால் பறவை வரும் இடத்தில் ஒலியைக் கொஞ்சம் குறைத்துக்கொள்ளுங்கள். பழைய பதிவு, கீச்சிடும்.