பாயு ஸ்காக் வீடியோ ஏன் புரியவில்லை?

ஆறு மாதம் இந்தோனேசிய மொழி படித்தும் இந்தோனேசிய யூடியூபர் பாயு ஸ்காக்கின் வீடியோவில் ஒரு வரிகூடப் புரியவில்லை என்று எழுதியிருந்தீர்கள். தப்பு உங்கள் மேல் இல்லை. அவர் கிழக்கு ஜாவாவின் மலாங் ஊர்க்காரர். பேசுவது ஜாவா மொழி, அது வேறு மொழியேதான்! தேசிய டிவியில் பெரும்பாலும் ஜகார்த்தாப் பேச்சு. இவர் ஊர்ப்பேச்சை வைத்தே யூடியூபில் ஆள் சேர்த்தார். 2018இல் ‘யோவிஸ் பென்’ படத்தையும் ஜாவா மொழியிலேயே எடுத்தார்.

சரி, இப்போதைக்கு நகைச்சுவை எழுத்தாளர் ராடித்யா டிகாவின் ‘மலாம் மிங்கு மிகோ’ பாருங்கள், அதில் ஜகார்த்தாப் பேச்சுதான். யூடியூபில் தொடங்கி டிவிக்குப் போன தொடர். ஆனால் அதிலும் பாடப்புத்தகத்து ‘சாயா’ அரிது, நான் என்பதற்கு ‘குவே’ என்பார்கள். ‘திடாக்’ என்று படித்த ‘இல்லை’ காதில் ‘ங்காக்’ என்றுதான் விழும். முதல் வாரம் இந்த இரண்டை மட்டும் பிடியுங்கள்.