நாய்க்கும் மாட்டுக்கும் போடும் எலிக்காய்ச்சல் தடுப்பூசியைக் குதிரைக்கும் போடலாமா?

போடக்கூடாது என்பதே என் பதில். ஆனால் குதிரைக்குத் தடுப்பூசியே வேண்டாம் என்று அதற்குப் பொருளல்ல. குதிரைகளில் சோதிக்கப்பட்டு உரிமம் பெற்ற ஊசி உங்களுக்குக் கிடைக்குமானால், அதைத் தள்ளிப்போடாமல் போட்டுவிடுங்கள் என்று குதிரைகளை வளர்ப்பவன் என்ற முறையில் உறுதியாகச் சொல்வேன்.

நோயை உண்டாக்கும் லெப்டோஸ்பைரா என்ற சுருள் வடிவப் பாக்டீரியாவில், நோய் தரக்கூடிய வகைகள் மட்டுமே 200-க்கு மேல் இருக்கின்றன. அவற்றில் பல, குறிப்பிட்ட ஒரு விலங்கின் சிறுநீரகத்தில் அதிகத் தொல்லை தராமல் நெடுங்காலம் தங்கி, அதன் சிறுநீர் வழியாக ஈர மண்ணுக்கும் தேங்கிய நீருக்கும் பரவுகின்றன. ஹார்ட்ஜோ வகைக்கு மாடும், கானிகோலா வகைக்கு நாயும், இக்டெரோஹெமராஜியே வகைக்கு எலியும் அப்படிப்பட்ட இருப்பிடங்கள். அதே கிருமி வேறொரு விலங்குக்குள் புண் வழியாகவோ கண், வாய், மூக்கின் மென்சவ்வு வழியாகவோ புகும்போதுதான் நோய் பெரும்பாலும் கடுமையாகிறது. தடுப்பூசி முதன்மையாக அதில் சேர்க்கப்பட்டுள்ள வகைகளுக்கு எதிராகத்தான் காக்கும். மற்ற வகைகளிடம் அதை நம்பியிருக்க முடியாது. நாய்களுக்கான ஊசியில் முன்பு இரண்டு வகைகளே இருந்து, பின்னர் நான்காக உயர்த்தப்பட்டதற்கும் இதுவே காரணம்.

குதிரைகளைப் பொறுத்தவரை, வட அமெரிக்காவில் பெருந்தொல்லை தருவது பொமோனா வகை. ஐரோப்பாவில் கண் நோயோடு அதிகம் தொடர்புபடுத்தப்படுவது கிரிப்போடைபோசா. அமெரிக்காவில் 2015-இல் குதிரைகளுக்கென முதன்முதலாக உரிமம் பெற்ற ஊசியில் பொமோனா மட்டுமே உள்ளது. முதலில் 3 முதல் 4 வாரம் இடைவெளியில் இரண்டு தவணையும், பின்னர் ஆண்டுக்கு ஒரு தவணையும் போட வேண்டும். மாட்டு ஊசியிலும் பொமோனா இருக்கிறதே என்று கேட்கலாம். இருக்கிறது, ஆனால் அதன் அளவும் அதில் கலந்துள்ள துணைப்பொருள்களும் மாட்டின் உடலுக்காக வகுக்கப்பட்டவை. ஊசி போட்ட இடத்தில் வீக்கமும் காய்ச்சலும் காணும் வாய்ப்பு குதிரைக்கு இயல்பாகவே உண்டு என்பதால், அதன் உடலில் சோதிக்கப்படாத மருந்தைச் செலுத்துவது எனக்குச் சரியாகப் படவில்லை.

இவ்வளவு அக்கறை எதற்கு என்று தோன்றலாம். தொற்றுக்கு உள்ளான குதிரைகளில் பெரும்பாலானவை எந்த அறிகுறியும் காட்டுவதில்லை, அல்லது சில நாள் காய்ச்சலோடு தேறிவிடுகின்றன. சிக்கல் அதற்குப் பிறகுதான் வருகிறது. சினைக்காலத்தின் பிற்பகுதியில் கரு கலையலாம். குட்டிகளின் சிறுநீரகம் செயலிழக்கலாம். எல்லாவற்றையும் விட என்னை வருத்துவது, தொற்று ஏற்பட்டு மாதங்களோ ஆண்டுகளோ கழித்துத் தலைகாட்டி, மீண்டும் மீண்டும் வந்து, ஒவ்வொரு முறையும் பார்வையைச் சிறிது சிறிதாகக் கொண்டுபோகும் கண் அழற்சி. உலக அளவில் குதிரைகள் பார்வை இழப்பதற்கு அதுவே முதன்மையான காரணம். கிருமி ரத்தத்தில் பெருகாமல் தடுப்பதும், சிறுநீரில் வெளியேறாமல் தடுப்பதுமே ஊசியின் நிரூபிக்கப்பட்ட பயன். ரத்தத்தைக் கடந்துதான் அது கருப்பையையும் கண்ணையும் அடைய வேண்டும் என்பதால், அந்தப் பயன் சிறிதல்ல என்று கருதுகிறேன். ஆனால் கண் அழற்சி தொடங்கிவிட்ட குதிரைக்குத் தடுப்பூசி மருந்தாகாது. அதற்கு உடனடியாகக் கண் சிகிச்சைதான் தேவை.

மற்ற விலங்குகளையும் மறந்துவிட வேண்டாம். நாய்க்கு இந்த ஊசியின் பாதுகாப்பு ஏறத்தாழ ஓராண்டே நிற்கும் என்பதால், ஆண்டுதோறும் தவறாமல் போட வேண்டும். ஒரே வளாகத்தில் மாடும் பன்றியும் இருந்தால் அவற்றுக்கு அவற்றுக்குரிய ஊசிகள் தேவை. ஊசி போட்ட பின்பும் தேங்கிய நீரை வடித்து, தீவனத்தில் எலி புகாமல் காத்து, கலைந்த கருவையும் நஞ்சுக்கொடியையும் கையுறை அணிந்தே அகற்றுங்கள், ஏனெனில் இது மனிதருக்கும் தொற்றும் நோய்.

கால்நடை மருத்துவரிடம் செல்லும்போது, உங்கள் பகுதியில் எந்த வகைகள் காணப்படுகின்றன, கையிலுள்ள ஊசியில் எவை இருக்கின்றன என்ற இரண்டையும் கேளுங்கள். குதிரைக்கு ஏற்கெனவே தொற்று இருக்குமோ என்ற ஐயம் இருந்தால், ரத்தப் பரிசோதனையை ஊசிக்கு முன்பே செய்துவிடுங்கள். ஊசியால் உருவாகும் எதிர்ப்புப் பொருளும் அந்தப் பரிசோதனையில் தெரியும் என்பதால், பின்னர் எடுத்தால் எது நோயால் வந்தது, எது ஊசியால் வந்தது என்று பிரித்தறிவது கடினமாகிவிடும்.