சண்டியன் முதல் மாபியா வரை: வாசகர் கேட்டவை

இருபத்தாறு வருடம் மட்டக்களப்பு, அம்பாறை இரண்டு மாவட்டத்திலும் நன்னடத்தை உத்தியோகத்தராக இருந்து, அதில் பாதிக் காலத்தை நீதிமன்ற விறாந்தையில் பைலோடு நின்றே கழித்தவன் நான். போன முறை வாள்வெட்டுக் குழுக்களைப் பற்றி எழுதியதும் கேள்விகள் குவிந்துவிட்டன. ஒரே மாதிரியானவற்றைச் சேர்த்து, பெயரை எடுத்துவிட்டு ஊரை மட்டும் வைத்திருக்கிறேன்.

கேள்வி (உயர்தர மாணவன், கல்முனை): சேர், சந்தியில் நிற்கிற கும்பலும் மாபியாவும் ஒன்றுதானா?

ஒன்றில்லை. ஆனால் ஒன்றிலிருந்து மற்றதுக்குப் போக ஒரு ஒழுங்கை இருக்கிறது. சந்திக் கும்பலுக்கு வேண்டியது பெயர். இந்த ரோடு எங்கட ரோடு, எங்கட ஆளைத் தொட்டால் தெரியும், அவ்வளவுதான். அதற்காக வெட்டுவார்கள், வெட்டும் வாங்குவார்கள், கடைசியில் பார்த்தால் ஒருத்தனின் சட்டைப்பையிலும் ஐந்நூறு ரூபாய் இராது. திராஷர் என்ற சமூகவியலாளர் சிக்காகோ முழுக்க அலைந்து 1,313 குழுக்களைக் கணக்கெடுத்து 1927இல் வெளியிட்டார். அவற்றில் நிறைய, ஒன்றாக விளையாடித் திரிந்த பிள்ளைகளின் கூட்டமாகத்தான் தொடங்கியிருந்தன. பக்கத்துத் தெருவோடு மோதல் வந்த பிறகுதான் இறுகிக் குழுவாகியிருக்கின்றன. கோயில் திருவிழாவில் தொடங்கிய ஒரு சண்டைக்குப் பிறகு ஒரு கிரிக்கெட் டீம் அப்படியே வாள்வெட்டுக் குழுவானதை நானே பார்த்திருக்கிறேன், கெப்டன் கூட மாறவில்லை.

மாபியா என்பது வியாபாரம். 2000ஆம் ஆண்டு டிசெம்பரில் இத்தாலியின் பலர்மோ நகரில் கையெழுத்துக்கு வைத்த ஐ.நா. சமவாயம் சொல்கிற விளக்கம் இது: மூன்று அல்லது அதற்கு மேற்பட்ட ஆட்கள், கொஞ்சக் காலமாவது நிலைத்திருக்கிற ஒரு அமைப்பு, நான்கு வருடமோ அதற்கு மேலோ சிறை விதிக்கக்கூடிய குற்றம், நோக்கம் பணம் அல்லது வேறு ஆதாயம். எனக்கு அதைவிடச் சுலபமான அளவுகோல் ஒன்று உண்டு. தலைவன் உள்ளே போனால் சந்திக் கும்பல் ஆறு மாதத்தில் கலைந்துவிடும். மாபியா என்றால் அடுத்த நாள் காலையில் அந்தக் கதிரையில் வேறொருவன் இருப்பான்.

கேள்வி (கடைக்காரர், காத்தான்குடி): மாபியா முதலில் எப்படி வந்தது? கப்பம் கேட்டால் கொடுக்காமல் இருக்க ஏலுமா?

இரண்டையும் சேர்த்துக் கேட்டது நல்லது, ஏனென்றால் அதற்கும் இதற்கும் விடை ஒரே இடத்தில்தான் கிடக்கிறது.

சிசிலித் தீவில் 1812இல் நிலப்பிரபுத்துவம் சட்டப்படி ஒழிந்தது. 1860இல் தீவு இத்தாலியோடு சேர்ந்தது. காணி புதுக் கைகளுக்கு மாறிக்கொண்டிருந்தது, அரசாங்கம் தூரத்தில், பொலிஸை யாரும் நம்பவில்லை. அதே காலத்தில் பலர்மோவைச் சுற்றி எலுமிச்சைத் தோட்டம் தங்கச் சுரங்கம் மாதிரி; கடலோடிகளுக்கு வருகிற ஸ்கேவி நோய்க்கு எலுமிச்சைச் சாறு மருந்தென்று பிரிட்டிஷ் கடற்படை கண்டுகொண்ட பிறகு அந்தப் பழத்துக்கு அப்படி ஒரு கிராக்கி. ஆனால் எலுமிச்சை நொய்ந்த பயிர். ஒரே இரவில் நாலு பேர் மதிலால் ஏறிக் குதித்தால் ஒரு வருட உழைப்பு போச்சு, தண்ணீர் முறையை ஒருத்தன் திருப்பிவிட்டால் மரமே போச்சு. ஆகவே தோட்டக்காரனுக்குக் காவல் வேண்டும், தண்ணீர் பங்கிடவும் ஆள் வேண்டும். அந்தக் காவலை விற்க வந்தவர்கள்தான் பிற்பாடு மாபியா ஆனார்கள். காவல் வாங்காதவனின் மரம் ராத்திரியோடு ராத்திரியாக வெட்டுப்படும், வெட்டியவன் யாரென்று ஊருக்கே தெரியும், ஆனால் வாய் திறக்க ஆளில்லை.

நம்ம பக்கத்துக்கு இது அந்நியக் கதை இல்லை. வட்டை விதானை சொன்னால்தான் வாய்க்காலில் தண்ணீர், பெரிய வயற்காரரான போடியாரின் வயலுக்கு முல்லைக்காரன் பொறுப்பு என்ற ஏற்பாட்டைக் கொஞ்சம் யோசித்துப் பாருங்கள்; நம்ம விதானைமார் வேளாண்மை செய்கிற ஆட்களின் கூட்டத்தில் தெரிவானவர்கள், ஊருக்குக் கணக்குச் சொல்ல வேண்டியவர்கள், அதனால் அது அந்தத் திசையில் போகவில்லை. தமிழ்நாட்டில் மதுரை, திருநெல்வேலிப் பக்கம் 19ஆம் நூற்றாண்டில் இருந்த காவல் முறை இன்னும் நெருக்கமான உதாரணம். காவல்காரனுக்குக் கூலி, மாடு களவு போனால் துப்புச் சொல்கிறவனுக்குத் துப்புக்கூலி. அது சில இடங்களில் எங்கே போய் முடிந்தது தெரியுமா, மாட்டை அவிழ்த்தவனும் துப்புச் சொன்னவனும் ஒரே ஆளாக. சிசிலியிலும் இதே பேரம் நடந்தது. படுவான்கரையில் ஒரு வயோதிபருக்கு இரண்டு எருமை காணாமல் போய், மூன்றாம் நாள் தெரிந்த முகம் ஒன்று வேலியடியில் வந்து வெற்றிலையை வாங்கி வாயில் போட்டுக்கொண்டு, "ஒரு ஆளத் தெரியும் அப்பு, கொஞ்சம் செலவாகும்" என்று சொன்னதை அவரே எனக்குச் சொன்னார். குறி சுட்ட மாடு, அதை விற்க ஏலாது, திருப்பிக் கொடுத்துத்தான் காசாக்க வேண்டும். கொடுத்தார், வந்தது. பொலிஸ் முறைப்பாடு போட்டிருந்தால் இன்றைக்கும் தவணைக்குப் போய்க்கொண்டிருந்திருப்பேன் என்றார். மனுசனைக் குற்றம் சொல்ல என்னால் முடியவில்லை.

சரி, கப்பம். 2004இற்குப் பிறகு வந்த சில வருடங்களில் கிழக்கில் கடை வைத்திருந்த யாருக்கும் அந்தச் சொல்லை நான் விளக்கத் தேவையில்லை. தனியாக மறுப்பது ஆபத்து, அதை மறைத்து உங்களுக்கு வீரம் சொல்லித்தரமாட்டேன். பலர்மோவில் லிபெரோ கிராசி என்ற உடுப்புத் தொழிற்சாலை முதலாளி 1991 ஜனவரியில் பத்திரிகையில் பகிரங்கக் கடிதம் எழுதி, காசு தரமாட்டேன் என்றார். மற்ற முதலாளிமார் அவரோடு நிற்கவில்லை. ஓகஸ்ட் 29ஆம் திகதி அவரை வீட்டுக்குக் கிட்ட வைத்துச் சுட்டுக் கொன்றார்கள். அதே நகரத்தில் 2004இல் கொஞ்ச இளைஞர்கள் ராத்திரியில் சுவரெல்லாம் ஸ்டிக்கர் ஒட்டினார்கள், கப்பம் கொடுக்கிற மக்கள் மானமில்லாத மக்கள் என்று. அதற்குப் பிறகு கப்பம் கொடுக்காத கடைகளின் பட்டியல் போட்டார்கள், அந்தக் கடைகளில்தான் சாமான் வாங்குவோம் என்று சனம் கையெழுத்து வைத்தது, பட்டியல் நூற்றுக்கணக்கில் நீண்டது. ஒரு கடையை எரிக்கலாம், தெரு முழுக்க எரித்தால் அடுத்த மாதம் யாரிடம் வசூலிப்பது? ஆகவே உங்கள் கேள்விக்குப் பதில்: நீங்கள் தனியாக முறைப்பாடு கொடுக்கப் போகாதீர்கள், வர்த்தகர் சங்கமாகப் போங்கள், பள்ளிவாசல் நிர்வாகத்தையும் கூட்டிக்கொண்டு போங்கள். வந்த அழைப்புகளின் இலக்கமும் நேரமும் ஒரு கொப்பியில் இருக்கட்டும்.

கேள்வி (அக்கரைப்பற்று): உத்துவன்கந்த சரதியேல் நல்லவனா கெட்டவனா?

பணக்காரனிடம் எடுத்து ஏழைக்குக் கொடுத்தான் என்பார்கள். கொழும்பு கண்டி வீதியில் மாவனல்லைப் பக்கம் வழிப்பறி செய்த ஆள்; சுற்றியிருந்த ஊர் அவனைக் காட்டிக்கொடுக்காமல் வைத்திருந்ததும் உண்மை, அவன் கையால் ஆட்கள் செத்ததும் உண்மை. 1864 மார்ச் 21ஆம் திகதி அவனைப் பிடிக்கப் போன இடத்தில் சபான் என்ற மலாய் கொன்ஸ்டபிள் குண்டுபட்டு இறந்தார். இலங்கைப் பொலிஸ் தன் வீரர்களை நினைவுகூருகிற நாள் இன்றைக்கும் அதுதான். மே 7ஆம் திகதி கண்டியில் தூக்கு. கூடவே தொங்கியது அவனுடைய கூட்டாளி மம்மலே மரிக்கார். இனம் மதம் பாராமல் சேர்வதில் கொள்ளைக்காரர் எப்போதும் நமக்கு முன்னால்தான்.

கேள்வி (ஒன்பதாம் வகுப்பு, சம்மாந்துறை): யாக்குசாக்கள் ஏன் விரலை வெட்டுகிறார்கள்?

யாக்குசா என்றால் ஜப்பானின் மாபியா. தவறு செய்தவன் மன்னிப்புக் கேட்கிற முறை அது, சின்னி விரலின் நுனியிலிருந்து தொடங்குவார்கள். வாள் பிடிக்கிற கைக்குச் சின்னி விரல்தான் பிடிமானம், அது போனால் தலைவனைச் சார்ந்தே நிற்க வேண்டும் என்பது பழைய விளக்கம். பெயரே சூதாட்டத்தில் வந்தது: யா, கு, சா என்றால் எட்டு, ஒன்பது, மூன்று, கூட்டினால் இருபது, அந்தச் சீட்டு விளையாட்டில் அது பெறுமதி இல்லாத கை. 1963 அளவில் ஒரு இலட்சத்து எண்பதினாயிரம் பேர் இருந்தார்கள், இப்போது இருபதினாயிரத்துக்கும் கீழ். வங்கிக் கணக்குத் திறக்க விடாமல், வீடு வாடகைக்குக் கொடுக்க விடாமல் செய்த சட்டங்கள்தான் பெரிய அடி. படிக்கிற வேலையைப் பார் தம்பி.

கேள்வி (ஸ்காபரோ, சொந்த ஊர் ஆரையம்பதி): யுத்தம் முடிந்தும் நம்ம பிள்ளைகள் ஏன் இப்படி? கனடாவிலும் ஒரு காலம் இருந்ததே.

இருந்தது. தொண்ணூறுகளில் ரொறன்ரோவில் இரண்டு தமிழ்க் குழுக்கள், ஒன்று வல்வெட்டித்துறையின் ஆங்கில முதலெழுத்துகளைப் பெயராக வைத்தது, மற்றது ஒருத்தனின் பட்டப்பெயரில். 2001 ஒக்டோபரில் பொலிஸ் ஒரே வளைப்பில் ஐம்பது பேரளவில் அள்ளியது. இதை வைத்து "தமிழனே இப்படித்தான்" என்கிறவர்களுக்கு நான் எம்.எஸ்.13 என்ற குழுவின் கதையைச் சொல்வேன். மத்திய அமெரிக்காவில் எல் சல்வடோர் என்ற நாட்டின் யுத்தத்திலிருந்து தப்பி லொஸ் ஏஞ்சல்ஸ் போன குடும்பங்களின் பிள்ளைகள், எண்பதுகளில் ரொக் பாட்டுக் கேட்டுக்கொண்டு சந்தியில் நின்றவர்கள். மற்றக் குழுக்கள் அடித்தன, திருப்பி அடிக்கச் சேர்ந்தார்கள், சிறைக்குப் போய் அங்கே தேர்ந்து வந்தார்கள். பிறகு தொண்ணூறுகளில் அமெரிக்கா அவர்களைப் பிடித்து நாடுகடத்தியது, அதாவது யுத்தம் முடிந்து களைத்துக் கிடந்த ஒரு சின்ன நாட்டுக்குள் பழகிய குழுவை விமானத்தில் ஏற்றி அனுப்பியது. அந்த ஊர்ச் சிறுவர்களுக்கு இவர்கள் கதாநாயகர்கள்.

யுத்தம் பிள்ளைக்கு ஆயுதத்தைக் காட்டிக்கொடுக்கும் என்பது ஒரு பக்கம். எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது மற்றப் பக்கம்: வீட்டில் தகப்பன் இல்லை, அல்லது கட்டாரில், தாய் குவைத்தில், அம்மம்மாவுக்கு இரவு பார்வை இல்லை. பொடியன் எத்தனை மணிக்கு வந்தான் என்று யாருக்குத் தெரியும்?

கேள்வி (திருக்கோவில், மீனவர் சங்கத்தில் இருப்பவர்): தலைவர்மார் டுபாயில் இருந்துகொண்டு இங்கே எப்படி நடத்துகிறார்கள்? எல் சல்வடோர் மாதிரி எல்லாரையும் உள்ளே போட்டால் முடியாதா?

போன் போதும் ஐயா. போதைப்பொருள் ஒருத்தனிடம், காசு இன்னொருத்தனிடம், சுடுகிறவன் மூன்றாமவன், ஒருத்தனை ஒருத்தனுக்குத் தெரியாது. பாதாளக் கும்பல் தலைவன் மாகந்துரே மதூஷை 2019 பெப்ரவரியில் டுபாயில் பிடித்தார்கள், மே மாதம் நாடு கடத்தினார்கள், 2020 ஒக்டோபரில் பொலிஸ் காவலில் இருக்கும்போதே மாளிகாவத்தையில் சுடப்பட்டுச் செத்தான். அவனோடு அது முடிந்ததா? 2025 பெப்ரவரி 19இல் இன்னொரு கும்பல் தலைவன் கணேமுல்ல சஞ்சீவவை கொழும்பு புதுக்கடை நீதிமன்றத்துக்குள், சட்டத்தரணி வேசத்தில் வந்தவன் சுட்டான்; புத்தகத்தின் பக்கங்களை வெட்டி அதற்குள் வைத்துத்தான் துப்பாக்கி உள்ளே கொண்டுவரப்பட்டது. அதே வருடம் ஓகஸ்டில் மற்றொரு தலைவன் கெஹெல்பத்தர பத்மே இந்தோனேசியாவில் அகப்பட்டான். கதிரைகள் காலியாவதும் நிரம்புவதுமாகத்தான் இருக்கும், சந்தை திறந்திருக்கும்வரை. அமெரிக்காவில் 1920இலிருந்து 1933 வரை சாராயத்தைத் தடைசெய்தார்கள், அந்தப் பதின்மூன்று வருடத்தில்தான் அல் கபோன் மாதிரி ஆட்கள் வளர்ந்தார்கள். அவனைக் கடைசியில் 1931இல் 11 வருடம் உள்ளே தள்ளியது கொலை வழக்கில்லை, வருமான வரி வழக்கு. கசிப்புக் காய்ச்சுகிறவனை மாதாமாதம் பிடித்து மாதாமாதம் தண்டம் கட்டவிடுகிற நமக்கு இதில் யோசிக்க நிறைய இருக்கிறது. காசு போன வழியைப் பிடிக்க வேண்டும்: மண் லொறி யாருடைய பெயரில், வள்ளம் யாருடைய பெயரில், நாளுக்கு நாள் ஏறுகிற மீற்றர் வட்டிக்கு விடுகிற காசு எங்கேயிருந்து வந்தது.

எல் சல்வடோரில் 2022 மார்ச்சிலிருந்து எண்பதினாயிரம் பேருக்கு மேல் உள்ளே. கொலை குறைந்தது உண்மை, சனம் நிம்மதியாக ரோட்டில் நடப்பதும் உண்மை. கையில் பச்சை குத்தியிருந்ததற்காகவும் யாரோ பெயர் சொன்னதற்காகவும் போனவர்கள் அதற்குள் இருக்கிறார்கள் என்பதும் உண்மை. சுற்றிவளைப்பில் மைதானத்தில் வரிசையாக உட்காரவைத்து, முகத்தை மூடி நின்று தலையசைத்து ஆளைக் காட்டிக்கொடுக்கிற தலையாட்டிக்கு முன்னால் நடக்கவிட்ட ஊர் ஐயா நம்முடையது. உங்கள் வயதுக்கு அது ஞாபகம் இருக்கும்.

கேள்வி (ஒரு தாய், கல்லடி): மகனுக்கு 17 வயது. போனில் வாளோடு நிற்கிற படம் பார்த்தேன். பொலிஸுக்குச் சொல்லவா, அவங்கட அப்பாவுக்குச் சொல்லவா? பயமாக இருக்கிறது.

போனைப் பறிக்காதீர்கள், அடிக்க வேண்டாம், அப்பாவிடம் இன்றைக்கே சொல்லவும் வேண்டாம். முன்பு என் பொறுப்பில் வந்த ஒரு பொடியன், பதினாறு வயது. வாளைக் கோழிக்கூட்டுக்கு அடியில் உரப்பையில் சுற்றி வைத்திருந்தான். லொறி வில்லுத்தகட்டில் அடித்த வாள், பிடிக்குச் சைக்கிள் டியூப் சுற்றியிருந்தது, விளிம்பைத் தடவிப் பார்த்தேன், தீட்டவே இல்லை. படம் எடுக்கத்தான் அது. ஏன் விட்டுவர முடியவில்லை என்று மூன்று கிழமையாகக் கேட்டேன், கோபம், மானம், நண்பன் என்று என்னென்னவோ சொன்னான். கடைசியில் தாய் சோற்றுப் பார்சலோடு வந்து பக்கத்தில் உட்கார்ந்திருந்த ஒரு நாள்தான் வாயிலிருந்து வந்தது: ஏழாயிரம் ரூபாய். பைக்குக்குப் பெற்றோல், ஒரு போன் ஸ்க்ரீன், இரண்டு தரம் கொத்து ரொட்டி, எல்லாம் "அண்ணன்" வாங்கிக் கொடுத்தது. முதலில் அன்பளிப்பு, பிறகு கணக்கு. கணக்கைத் தீர்க்க ஒரு பார்சலைக் கொண்டுபோய்க் கொடுத்தால் போதும் என்று சொல்லியிருக்கிறார்கள். ஹெரோயின் என்றால் நம் சட்டத்தில் 2 கிராமுக்கே மரண தண்டனை வரை விதிக்க இடமுண்டு என்று அவனுக்கு யாரும் சொல்லவில்லை. தாய்மாமன் காசைக் கட்டி, வாழைச்சேனையில் வள்ள எஞ்சின் திருத்துகிற இடத்தில் சேர்த்துவிட்டார். வாளைச் சட்டத்தரணி ஒருவரோடு போய் ஒப்படைத்தோம், நீங்களும் அப்படித்தான் செய்ய வேண்டும், ஆற்றில் எறியாதீர்கள்.

ஆனால் அது பிறகு. இன்றைக்கு இரவு அவனுக்குப் பிடித்ததைச் சமைத்துப் போட்டு, அவன் பாதி சாப்பிட்டிருக்கும்போது, வாளைப் பற்றி ஒரு சொல் எடுக்காமல் கேளுங்கள்: "யாருக்கு எவ்வளவு குடுக்க இருக்கு மனே?"