இரண்டு மாணவர்களுக்கும் ஒரே மதிப்பெண் பட்டியல் வருவது ஏன்?

வணக்கம். பைத்தான் நிரல்மொழியில் மாணவர் என்ற கிளாஸ் (ஆப்ஜெக்ட்டுகளை வார்க்கும் அச்சு) எழுதி, முதல் மாணவருக்குப் போட்ட 85 இரண்டாமவரின் லிஸ்ட்டிலும் வந்து நிற்கிறது என்றீர்கள். கோளாறு, லிஸ்ட்டில் மதிப்பெண் சேர்க்கும் அப்பெண்டில் இல்லை, காலி லிஸ்ட்டை வைத்த இடத்தில். மெத்தடுக்கு (கிளாஸுக்குள் எழுதும் ஃபங்ஷன்) வெளியே, நேராகக் கிளாஸுக்குள் எழுதிய வரி ஒரே ஒரு முறைதான் ஓடும். எத்தனை ஆப்ஜெக்ட் (இங்கே, மாணவர்) உருவாக்கினாலும் எல்லோருக்கும் அந்த ஒரு லிஸ்ட்தான், ஊர்ப் பொதுக்கிணறு மாதிரி. அந்த வரியை, ஒவ்வொரு ஆப்ஜெக்ட் உருவாகும்போதும் தானாக ஓடும் இனிட் (__init__) மெத்தடுக்குள் நகர்த்தி, லிஸ்ட்டின் பெயருக்கு முன்னால், அந்தந்த ஆப்ஜெக்ட்டைக் குறிக்கும் செல்ஃபும் (self) புள்ளியும் சேருங்கள். ஆளுக்கொரு புது லிஸ்ட் கிடைக்கும்.

உங்கள் கிளாஸில் மொத்தம் = 0 என்ற வரியும் மெத்தடுக்கு வெளியேதானே இருக்கிறது, அது மட்டும் ஏன் கலக்கவில்லை? (இதில் நானும் ஒரு ராத்திரி தூக்கம் தொலைத்தவன்.) செல்ஃப் வழியாகக் கூட்டும்போது பைத்தான் அந்த ஆப்ஜெக்ட்டுக்கென்று புது எண்ணை எழுதிவிடுகிறது. அப்பெண்டோ இருக்கிற லிஸ்ட்டையே மாற்றும்.

இனிட்டின் இருபுறமும் இரண்டிரண்டு அடிக்கோடு, மறக்காதீர்கள்.